சட்டை அளவுக்கு ஒரு பிள்ளை

திருப்பூரில் என் சிற்பங்களைப் பார்க்காத ஆளே கிடையாது. பார்த்தவர்களில் ஒருவருக்கும் அவை சிற்பம் என்று தெரியாது, அவ்வளவுதான். காதர்பேட்டையில் எந்தக் கடைக் கண்ணாடிக்குப் பின்னால் வேண்டுமானாலும் பாருங்கள். தலை இல்லாமல், தொடைக்குக் கீழே ஒன்றும் இல்லாமல், நெஞ்சை மட்டும் நிமிர்த்திக்கொண்டு ஜட்டி பனியனோடு ஒருவன் நிற்பான். அவன் என் கைவேலை. கவின்கலைக் கல்லூரியில் ஐந்து வருடம் கல், மரம், மண், வெண்கலம் என்று முறையாகப் படித்துப் பட்டம் வாங்கியவன் நான். படித்தது எதுவும் சோறு போடவில்லை. படிக்காத ஃபைபர் போட்டது.

எங்களுடையது தறிக்குடும்பம். சிற்பம் படிக்கப் போகிறேன் என்று சொன்னபோது அப்பா ரொம்ப நேரம் யோசித்துவிட்டு, கல்லுக் கொத்த எதற்குக் கல்லூரி என்று மட்டும் கேட்டார். அவர் போய்ச் சேர்ந்துவிட்டார், நான் இன்னும் பதில் யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

வேலை இப்படித்தான். கம்பெனியிலிருந்து ஒரு பனியனைக் கொண்டுவந்து கொடுப்பார்கள். அதைப் போட்டால் சுருக்கம் விழாமல், தொங்காமல், கச்சிதமாக நிற்கிற மாதிரி ஓர் உடம்பு வேண்டும் என்பார்கள். நான் பனியனை மேசையில் விரித்து அளவெடுத்து, களிமண்ணில் உடம்பைப் பிடித்து, அதன்மேல் பிளாஸ்டர் அச்சு எடுத்து, அச்சுக்குள் ஃபைபர் இழையையும் ரெசினையும் அப்பி உரித்துக் கொடுப்பேன். மற்ற ஊர்களில் உடம்பைப் பார்த்துத் துணி தைக்கிறார்கள். நான் துணியைப் பார்த்து உடம்பு செய்கிறவன். தலை யாரும் கேட்பதில்லை. பனியனைத் தலைக்கா போடுகிறார்கள்?

ஆகவே இரண்டாயிரத்து எட்டு ஆடி மாதம் நதியா வந்து கேட்டபோது எனக்குக் கொஞ்சம் கிறுகிறுத்துவிட்டது.

நெருப்பெரிச்சலில் ஒரு நிட்டிங் யூனிட்டுக்குப் பின்பக்கம் தகரக் கொட்டகை போட்டு, அதைப் பட்டறை என்று சொல்லிக்கொண்டிருந்தேன். ஷிஃப்ட் முடிந்து நேராக வந்திருந்தாள். கழுத்தில் இன்ச் டேப் மாலை மாதிரி கிடந்தது. எக்ஸ்போர்ட் கம்பெனி ஒன்றில் செக்கிங்கில் இருப்பதாகவும், தைத்து வருகிற உருப்படிகளை அளந்து பார்த்துச் சரியில்லாததை ஒதுக்குவதுதான் வேலை என்றும் சொன்னாள். உசிலம்பட்டிப் பக்கத்து ஊர். புருஷன் ஜெயபாண்டி வேறொரு கம்பெனியில் கட்டிங்.

"அண்ணே, நீங்க ஆளு பொம்மை செய்வீகளாம்ல. எனக்கு ஒண்ணு வேணும். தலையோட."

அவர்களுடைய ஒரே பையன் தனுஷ், ஒன்றாம் வகுப்பு. பள்ளிக்கூடம் திறந்த கொஞ்ச நாளிலேயே காய்ச்சலில் படுத்தவன், ரத்தத்தில் ஏதோ கோளாறு என்று கோயமுத்தூர்ப் பெரியாஸ்பத்திரியில் கிடந்தான். அவர்கள் ஊரில் பிள்ளைக்கு முடியாமல் போனால், பிழைக்க வைத்தால் மண்ணில் பிள்ளை பொம்மை செய்து கொண்டுவந்து வைக்கிறேன் என்று மாரியம்மனுக்கு வேண்டிக்கொள்வார்களாம். எங்கள் பக்கமும் உண்டு. நாங்கள் உருவாரம் என்போம். மாட்டுக்கு முடியாவிட்டால் மாடு, காலுக்கு முடியாவிட்டால் கால். எல்லாம் ஒரு முழத்துக்குள் அடங்கிவிடும். நதியா வேண்டிக்கொண்டது அவன் ஆள் உயரத்துக்கு. பொங்கலூர்ப் பக்கம் சூளை வைத்திருக்கிற குயவரிடம் கேட்டிருக்கிறாள். அவ்வளவு பெரிதாகச் செய்து பழக்கமில்லை, வேண்டுமானால் சுட்டுத் தருகிறேன் என்றிருக்கிறார். அங்கே யாரோ என்னைக் கைகாட்டியிருக்கிறார்கள்.

டீ கொண்டுவந்த என் மனைவி சித்ராதேவி இதைக் கேட்டுக்கொண்டு நின்றாள். டம்ளரைக் கொடுத்துவிட்டு மெதுவாகச் சொன்னாள்.

"பையன் நல்லாகி ஊட்டுக்கு வந்த பொறகுதான் கண்ணு உருவாரம் செய்வாங்க. முன்னாடியே செய்யறதில்லைங்க."

"பையர் வந்து வாசல்ல நின்ன பெறகா அக்கா துணி தைப்பாக?" என்றாள் நதியா. "சரக்கு ரெடியா இருந்தாத்தான் அவளும் தட்டிக்கழிக்க முடியாது."

மாரியம்மனைச் சரக்கு வாங்க வருகிற லண்டன் பார்ட்டி மாதிரி பேசுகிறாளே என்று எனக்குச் சிரிப்பு வந்தது. சித்ராதேவிக்கு வரவில்லை. ஆனால் திருப்பூர்க்காரிக்கு அந்தக் கணக்கு புரிந்துவிட்டது. அதுவும் சரிதான் என்று சொல்லிவிட்டு டம்ளரை எடுத்துக்கொண்டு போனாள்.

பையனைப் பார்க்க முடியுமா என்று கேட்டேன். வார்டுக்குள் வெளியாளை விடுவதில்லை, கிருமி தொற்றிவிடும் என்றாள். முகத்துக்கு ஒரு ஃபோட்டோ கொடுத்தாள், ஸ்டூடியோவில் எடுத்தது. பின்னால் வரைந்த அருவி, முன்னால் நெற்றியைச் சுருக்கிக்கொண்டு தனுஷ். உடம்புக்கு என்று பையிலிருந்து அவனுடைய பள்ளிக்கூட யூனிஃபாரத்தை எடுத்து மேசைமேல் விரித்து, இதற்குத் தக்கன செய்யுங்கள் என்றாள். சில நாள் மட்டும் போட்ட துணி, புது மொடமொடப்புக்கூடப் போகவில்லை.

அவளே டேப்பை எடுத்தாள். மார்பு, தோள், கை நீளம், கால்சட்டை இடுப்பு, உயரம் என்று கம்பெனியில் சொல்கிற அதே ராகத்தில் சொல்லச் சொல்ல நான் சுவரில் சாக்பீஸால் எழுதினேன். மண் காயும்போது கொஞ்சம் சுருங்கும், சுடும்போது இன்னும் சுருங்கும், அதற்குச் சேர்த்துப் பிடிக்க வேண்டும் என்றேன். பனியன் துணிக்கும் அப்படித்தானே என்றாள். தொழில் தெரிந்த இரண்டு பேர் சந்தித்துக்கொண்ட திருப்தி எங்களுக்கு. சிற்பம் பற்றி ஒருவர் என்னிடம் அறிவோடு பேசி ரொம்பக் காலம் ஆகியிருந்தது.

சுடுமண் வேலை ஃபைபர் மாதிரி இல்லை. உள்ளே கம்பி வைக்க முடியாது. சூட்டில் கம்பி ஒரு பக்கம், மண் ஒரு பக்கம் என்று பிய்த்துக்கொள்ளும். குழாய் மாதிரி உள்ளே வெற்றாக வைத்து, மண்ணைத் திரித்து வளையம் வளையமாக ஏற்றிக்கொண்டே போக வேண்டும். முதலில் பாதம். அது இறுகி, மேலே வருகிற பாரத்தைத் தாங்கும் என்று தெரிந்த பிறகுதான் முழங்கால். முழங்கால் இறுகினால் இடுப்பு. அவசரப்பட்டால் மொத்தமும் உட்கார்ந்துவிடும். குளத்து மண்ணைச் சலித்து மணல் சேர்த்தேன். வெடிப்பு விழாமல் இருக்கப் பஞ்சு வேண்டும். பக்கத்து நிட்டிங் மெஷின்களுக்கு அடியில் அள்ள அள்ளக் கிடைத்தது. அதையும் போட்டு மிதித்தேன். நீ சிற்பியா, புரோட்டா மாஸ்டரா என்று சித்ராதேவி கேட்டாள். மரியாதை குறைந்தது மண் மிதிக்கிற சந்தோஷத்தில் எனக்கு உறைக்கவில்லை.

இதைச் சொல்லத்தான் கூச்சமாக இருக்கிறது. ஒரு பிள்ளை ஆஸ்பத்திரியில் கிடக்க, நான் காலையில் விசில் அடித்துக்கொண்டு பட்டறைக்குப் போனேன்.

நதியா வேலை முடிந்து கோயமுத்தூர் பஸ்ஸைப் பிடிக்கப் போகிற வழியில் எட்டிப் பார்ப்பாள். எதுவரைக்கும் வந்திருக்கிறது என்று பார்த்துக்கொண்டு போய்ப் பையனிடம் சொல்வாளாம். அவனிடமிருந்து எனக்குத் தகவல் வரும். பொம்மைக்கு ஊசி போடுவார்களா என்று கேட்டானாம். அது கால்சட்டைப் பைக்குள் கையை விட்டுக்கொண்டு நிற்க வேண்டும் என்று ஒருநாள் சொல்லி அனுப்பினான். சிற்பியாக எனக்கும் அது பிடித்திருந்தது. ஆனால் ஆத்தா முன்னால் நிற்கிற பிள்ளை கும்பிட்டுத்தான் நிற்க வேண்டும், அவனிடம் நான் சொல்லிக்கொள்கிறேன் என்று நதியா முடித்துவிட்டாள். அடுத்த நாள் கேட்டேன். கோபித்துக்கொண்டு திரும்பிப் படுத்துவிட்டானாம். அதைச் சொல்லும்போது அவளுக்கு அவ்வளவு சந்தோஷம். முந்தின வாரமெல்லாம் கோபித்துக்கொள்ளக்கூடத் தெம்பில்லாமல் கிடந்தவன் அவன்.

நெஞ்சு வரைக்கும் வந்தபோது அவன் மறுபடியும் சோர்ந்துவிட்டான் என்று சொன்னாள். அதற்குப் பிறகு அவள் வருவது குறைந்தது. எனக்கு இந்த வேண்டுதல், சகுனம் எதிலும் நம்பிக்கை கிடையாது என்று கல்லூரிக் காலத்திலிருந்து சொல்லிக்கொண்டு திரிகிறவன் நான். அப்படிப்பட்டவன், தலையை வைத்துவிட்டால் கதை முடிந்துவிடுமோ என்று பயந்து கழுத்தோடு நிறுத்திவிட்டுச் சும்மா உட்கார்ந்திருந்தேன். அப்புறம், தாமதம் பண்ணுவதால்தான் பையனுக்குக் குணமாகவில்லையோ என்று பயம் வந்தது. ஓடிப்போய் ஈரக் கையோடு தலையைப் பிடித்தேன். நெற்றிச் சுருக்கம் ஃபோட்டோவில் இருந்தபடியே வந்தது. கண்ணை மட்டும் வழவழப்பாக விட்டேன். அது கோயிலில் பூசாரி திறக்க வேண்டியது.

தலை இறுகுவதற்குள் ஜெயபாண்டி வந்தார். அதுவரைக்கும் அவரை நான் பார்த்ததில்லை. மொட்டையடித்திருந்தார். அதைப் பார்த்தவுடன் தெரிந்துவிட்டது. கொட்டகைக்குள் வராமல் வாசலில் கிடந்த ரெசின் டின்மேல், உள்ளே பார்க்காமல் முதுகைக் காட்டி உட்கார்ந்தார். ஊருக்குக் கொண்டுபோய் எடுத்து அடக்கம் பண்ணிவிட்டு வந்திருப்பதாகச் சொன்னார். நதியா இன்னும் ஊரில் இருக்கிறாள், பத்துப் பதினைந்து நாளில் வந்துவிடுவாள்.

"அவ வந்து பாத்தா தாங்க மாட்டாண்ணே. அதுக்குள்ள ஏதாச்சும் செஞ்சிருங்க. ஒடைச்சிராதீக. கரைச்சிருங்க."

சரி என்றேன். இதிலும் ஒரு தொழில் சங்கடம் இருந்தது. பாதி ஈரத்தில் இருக்கிற மண்ணைத் தண்ணீரில் போட்டால் அது பாறை மாதிரி அப்படியே இருக்கும். எலும்பு மாதிரி நன்றாகக் காய்ந்த பிறகு போட்டால்தான் டீயில் போட்ட பிஸ்கட் மாதிரி தானாகச் சரிந்து கரையும். எங்களுக்கு முதல் வருடத்திலேயே சொல்லிக்கொடுத்தது. அதை அந்த மனிதரிடம் எப்படிச் சொல்வது? காய வேண்டும், கொஞ்சம் பொறுங்கள் என்று மட்டும் சொன்னேன். எழுந்துபோகும்போது, ஏதாவது கொடுக்க வேண்டுமா என்று கேட்டார். வேண்டாம் என்று நான் தலையாட்டிய வேகத்தில் என் கண்ணாடி கீழே விழுந்துவிட்டது. அவரே எடுத்துக் கொடுத்தார்.

சாயப்பட்டறையிலிருந்து ஒரு நீல டிரம் வாங்கிவந்து, பக்கவாட்டில் அறுத்துத் தொட்டி மாதிரி ஆக்கித் தண்ணீர் நிரப்பி வைத்தேன். ஈரம் காக்கப் பொம்மைமேல் போர்த்தியிருந்த சாக்கை எடுத்துவிட்டேன். ஆடிக் காற்றில் மண் சீக்கிரமே வெளுத்துக் காய்ந்தது. தட்டினால் கிண்ணென்று கேட்டது. கரைக்கலாம். இன்னும் அக்குளில் ஈரம் இருக்கிறது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு, மறுபடி சாக்கைப் போட்டு மூடி வைத்துவிட்டு ஜட்டி பொம்மைகளுக்கு உப்புத்தாள் தேய்த்துக்கொண்டிருந்தேன்.

அப்படித் தேய்த்துக்கொண்டிருந்த ஒரு சாயங்காலம் நதியா வந்தாள். கம்பெனியிலிருந்து நேராக, கழுத்தில் டேப்போடு. பின்னாலேயே ஜெயபாண்டி மூச்சிரைக்க சைக்கிளைப் போட்டுவிட்டு ஓடிவந்தார். எதற்கும் ஒரு வேடிக்கைப் பேச்சு வைத்திருப்பவன் என்று பெயரெடுத்த என் வாயில், டீ சாப்பிடுகிறாயா என்பதுதான் வந்தது. அவள் நேராக உள்ளே வந்து சாக்கை எடுத்தாள்.

முகத்தை ரொம்ப நேரம் பார்த்தாள். பிறகு கையை நீட்டி, பிள்ளையின் உச்சந்தலையில் வைக்கப் போகிறவள் மாதிரி, அவள் இடுப்புப் பக்கம் கொண்டுபோனாள். அங்கே தலை இல்லை. கும்பிட்ட கைகள்தான் இருந்தன. கொஞ்ச நேரம் அந்தக் கை அங்கேயே நின்றது. அவள் குனிந்து, பாதத்துக்கு அடியில் மேடை ஏதும் இருக்கிறதா என்று பார்த்தாள். அப்புறம் டேப்பைக் கழற்றித் தோளை அளந்தாள். மார்பை அளந்தாள். உச்சியிலிருந்து டேப்பைத் தொங்கவிட்டு உயரத்தைப் பார்த்தாள்.

"ஏய்யா, இம்புட்டு ஒசரமாவா இருந்தான்?"

ஜெயபாண்டி அப்போதுதான் முதன்முதலாகப் பொம்மையைத் திரும்பிப் பார்த்தார். இல்லை என்று தலையை ஆட்டினார்.

சுருக்கத்துக்காகக் கூடுதல் வைத்தேன், அது இன்னும் முழுசாகச் சுருங்கவில்லை, சுட்டால் குறையும் என்று நான் என்னென்னவோ சொன்னேன். அவள் சுவரில் இருந்த சாக்பீஸ் எழுத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"யூனிஃபாரம் ரெண்டு வருசத்துக்குச் சேத்து எடுத்ததுண்ணே," என்றாள். "கைய மடிச்சுவிட்டு, இடுப்புல ஊக்கு போட்டுத்தான் அவனுக்கு மாட்டிவிட்டேன்."

பிள்ளை வளர்ந்துவிடுவான் என்று யூனிஃபாரத்தைப் பெரிதாக எடுக்காத வீடு ஊரில் உண்டா? என் வீட்டிலும் அதே கதைதான். ஆனால் சட்டை என்று ஒன்றை மேசையில் விரித்தால், அதை நிரப்புகிற மாதிரி உடம்பு செய்வது தவிர என் கைக்கு வேறொன்றும் தெரியாது. அளவு என்றால் துணியை அளப்பது தவிர அவளுக்கும் தெரியாது. என் தப்பு என்றேன். அவள் காதில் அது விழுந்ததாகத் தெரியவில்லை.

அந்த நேரம் கரண்ட் போனது. அந்த வருடம் எப்போது வரும், எப்போது போகும் என்று சொல்ல முடியாது. சுவருக்கு அந்தப் பக்கம் ஓடிக்கொண்டிருந்த அத்தனை நிட்டிங் மெஷினும் ஒரே நேரத்தில் நின்றன.

"அப்ப இவன் மூணாவது படிப்பான்," என்றாள் நதியா.

ஜெயபாண்டி அவள் தோளைப் பிடித்தார். "வா புள்ள. அண்ணே கரைச்சிருவாரு. தொட்டியெல்லாம் கட்டி வச்சிருக்காரு பாரு."

அவள் தொட்டியைப் பார்த்தாள். பிறகு அவரைப் பார்த்தாள்.

"எதுக்குக் கரைக்கணும்? இவனுக்கு என்ன ஆச்சு?"

அவர் அவள் தோளிலிருந்து கையை எடுத்தார்.

"நம்ம பயலத்தான் கொண்டுபோய் வச்சிட்டு வந்துட்டமே. இவன் வேற. இவனுக்கு ஒண்ணும் ஆகலய்யா." என் பக்கம் திரும்பினாள். "சூளையில வைங்கண்ணே."

ஒரு டாட்டா ஏஸ் பிடித்து, பனியன் வேஸ்ட்டை மெத்தை மாதிரி போட்டு, அதன்மேல் படுக்க வைத்துப் பொங்கலூருக்குக் கொண்டுபோனேன். வேகத்தடை வரும்போதெல்லாம் பின்னால் உட்கார்ந்து தலையைப் பிடித்துக்கொண்டேன். எனக்குத் தெரிந்து என் சிற்பம் ஒன்றுக்கு நான் கைகொடுத்துப் போனது அதுதான் முதல் தடவை. குயவர் அவனைப் பார்த்துவிட்டு, வெடித்தால் என்னைக் கேட்கக்கூடாது என்று முன்கூட்டியே சொல்லிவிட்டார். ஈரம் துளி மிச்சமிருந்தாலும் சூளைக்குள் வெடிக்கும். வெடிக்கவில்லை. நான் கரைக்காமல் சாக்குப்போக்குச் சொல்லிக் காய வைத்தது அதற்குப் பயன்பட்டது. இடது காதுக்குப் பின்னால் ஒரு மயிரிழை விரிசலோடு செக்கச்செவேலென்று வெளியே வந்தான். பஞ்செல்லாம் எரிந்துபோய் எடை குறைந்திருந்தது. ஒரு ஆள் தூக்கலாம்.

சித்ராதேவி வர மாட்டேன் என்றுவிட்டாள். பலிக்காத வேண்டுதலுக்கு உருவாரம் வைப்பார்களா என்று ஒரு தடவை கேட்டாள். எனக்குத் தெரியவில்லை. கோயில் வழக்கத்தில் அதற்கு இடமில்லை என்றுதான் நினைக்கிறேன். ஆனால் நாங்கள் கிளம்பும்போது வீட்டுச் செம்பருத்தியை எல்லாம் பறித்துக் கொடுத்தனுப்பினாள்.

நதியா வேண்டிக்கொண்டது சொந்த ஊர் அம்மனிடம் இல்லை, திருப்பூர்ப் பக்கத்து அம்மனிடம். ஊருக்கு வெளியே வேப்பமரத்தடி மாரியம்மன். மதில் ஓரமாக உருவாரங்கள் வரிசையாக நின்றன. மாடு, கை, கால், தவழுகிற பிள்ளை, எல்லாம் நம் முழங்காலுக்குக் கீழே. அவற்றுக்கு நடுவில் ஜெயபாண்டி அவனை இறக்கி நிறுத்தினார். பள்ளிக்கூடத்தில் கடைசி வரிசையில் நிற்க வைக்கிற பையன் மாதிரி உயரமாக நின்றான். பூசாரி சாமியப்பனுக்கு ரொம்பச் சந்தோஷம். இத்தனை பெரிய உருவாரத்தை அவர் காலத்தில் பார்த்ததில்லையாம். வேட்டியை ஒதுக்கிக்கொண்டு வந்து சுற்றிச்சுற்றிப் பார்த்தார். வழக்கமாகக் கேட்பதைக் கேட்டார்.

"பையன் நல்லாயிட்டானுங்களா கண்ணு?"

ஜெயபாண்டி என்னைப் பார்த்தார். நான் வேப்பமரத்தைப் பார்த்தேன்.

"வளந்துட்டான் சாமி," என்றாள் நதியா.

அவ கொடுப்பா, அவ கொடுக்காம வேற யாரு கொடுப்பா என்று சொல்லிக்கொண்டே அவர் மை குழைக்கப் போனார். ஜெயபாண்டி மதிலைத் தாண்டி வெளியே போய், வண்டியில் எதையோ தேடுகிறவர் மாதிரி நின்றுகொண்டார்.

கண் திறக்கும்போது நேர் எதிரே யாரும் நிற்கக்கூடாது. முதல் பார்வைக்கு உக்கிரம் உண்டு, அதனால் கண்ணாடியைத்தான் காட்டுவார்கள். பூசாரி குச்சியில் மையைத் தொட்டுக்கொண்டு வந்து பார்த்தால் நதியா எதிரிலேயே நிற்கிறாள். தள்ளி நிற்கச் சொன்னார். அவள் நகரவில்லை.

"மொதப் பார்வை ஆளு மேல படக்கூடாதுங்க கண்ணு."

"படட்டும் சாமி."

அவர் என்னைப் பார்த்தார். நானாவது சொல்லிக் கூட்டிப்போவேன் என்று நினைத்திருக்கலாம். நான் ஓர் அடி பின்னால் நகர்ந்துகொண்டேன். அவர் கண்ணாடியைக் கீழே வைத்துவிட்டு, பக்கவாட்டில் நின்று கையை மட்டும் நீட்டி, வலது கண்ணில் ஒன்று, இடது கண்ணில் ஒன்று வைத்தார். நெற்றிச் சுருக்கத்தோடு அவன் அவளைப் பார்த்தான். அவள் மூச்சு விடுகிறாளா என்று தெரியாத அளவுக்கு அப்படியே நின்றாள்.

பூசை முடிந்ததும் சாமியப்பன் எல்லோருக்கும் திருநீறு கொடுத்தார். பிறகு ஒரு கை அள்ளி வாழையிலைத் துண்டில் தனியாக மடித்து, பையனுக்குப் பூசிவிடுங்க, அடுத்த வெள்ளிக்கிழமை ஒரு எட்டு கூட்டிட்டு வாங்க என்று நதியாவிடம் நீட்டினார். அவள் இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டாள். அவர் உள்ளே போகும்வரை பொறுத்திருந்தாள். அப்புறம் இலையைப் பிரித்து, மை காயாத கண்ணில் விழாதபடி ஒரு கையை மறைப்பாக வைத்துக்கொண்டு, அவன் நெற்றியில் பூசினாள். அதற்கு அவள் குனிய வேண்டியிருக்கவில்லை.